காலவெச்சம்

இரைவதன் என்னும் மன்னன் தன் மகள் இரேவதிக்கு ஏற்ற மணமகன் யார் என்பதை நான்முகனிடமே கேட்டறிய விரும்பி, அவளையும் உடன் அழைத்துக்கொண்டு பிரமலோகம் சென்றான் என்பது புராணக் கதை. அங்கே அப்போது கந்தருவர் இசை பாடிக்கொண்டிருந்தனர். இசை முடியும் அளவும் காத்திருந்து மன்னன் தன் விருப்பத்தைக் கூறினான். நான்முகன் நகைத்து, அவன் காத்திருந்த அச்சிறு பொழுதிலே மண்ணுலகில் பல யுகங்கள் கழிந்துவிட்டன என்றும், அவன் மனத்தில் எண்ணி வந்த மணமகன்மாரோடு அவர்தம் வழித்தோன்றல்களும் மறைந்துவிட்டனர் என்றும் அறிவித்தான். திரும்பி வந்த மன்னன் கண்டது வேறோர் உலகம். மக்கள் உருவிற் குறுகிப் போயிருந்தனர். அவர்களிடையே இரேவதி நெடிதுயர்ந்து நின்றாள். அவளை மணந்த பலராமன் தன் கலப்பையின் நுனியால் அவளை அழுத்தி, அக்காலத்து மகளிரின் உயரத்திற்குக் கொண்டுவந்தான் என்று விஷ்ணு புராணம் கூறும்.

ஆங்கில எழுத்தாளர் எச். ஜி. வெல்ஸ் 1895-இல் வெளியிட்ட 'காலப் பொறி' என்னும் புதினத்திலும் இதனையொத்த ஒரு செய்தி உண்டு. எதிர்காலத்திற்குச் சென்று மீண்டதாகக் கூறும் கதைத்தலைவனை நண்பர்கள் நம்ப மறுக்கின்றனர். அவன் தன் சட்டைப் பையிலிருந்து வாடிய வெண்மலர்கள் இரண்டை எடுத்து மேசைமீது வைக்கிறான். அவை எவ்வினத்தைச் சார்ந்தவை என்று அங்கிருந்த மருத்துவரால் கூற இயலவில்லை.

ஒருவரையொருவர் அறியாத இக்கதையாசிரியர்கள் ஓர் உண்மையை ஒருங்கே உணர்ந்திருக்கின்றனர். காலத்தில் யாரேனும் கைவைத்தால் அதன் தடம் ஏதேனும் ஒரு பொருளில் எஞ்சியே தீரும் என்பது அது. ஒரு கதையில் அத்தடம் ஒரு பெண்ணின் உயரம். மற்றொன்றில் இரண்டு மலர்கள். இத்தகைய எச்சங்களைத் தேடித் திரட்டி ஆராயும் ஒரு விஞ்ஞானம் இருப்பதாகக் கற்பனை செய்துகொண்டால், அதற்குக் காலவெச்சவியல் என்று பெயரிடலாம். அதனைக் கற்பிக்கும் ஆசிரியரிடம் காலப் பொறி இராது. தராசும் இடுக்கியும் நுண்ணோக்கியும் இருக்கும். இப்பொருளில் யார் கைவைத்தது, எப்போது, எந்தத் திசையில் என்பனவே அவர் கேட்கும் கேள்விகளாய் இருக்கும்.

அத்தகைய பாடம் எந்தப் பல்கலைக்கழகத்திலும் இல்லை. காலத்தை நகர்த்தியவர் எவரும் இல்லையாதலின், அதற்குத் தேவையும் எழவில்லை. ஆயினும் அதன் அண்டை வீட்டில் உண்மையான விஞ்ஞானம் ஒன்று குடியிருக்கிறது. மனிதன் காலத்தை நகர்த்தவில்லை; ஆனால் காலத்தை அறிவிக்கும் இயற்கையின் கடிகாரத்தை இருமுறை நகர்த்தியிருக்கிறான். ஒருமுறை அதன் முள்ளை எதிர்காலத்தை நோக்கித் தள்ளினான், மறுமுறை இறந்தகாலத்தை நோக்கி இழுத்தான், இழுத்துக்கொண்டும் இருக்கிறான். இரண்டையும் அவன் கருதிச் செய்யவில்லை. எனினும் இரண்டின் எச்சமும் மரத்திலும் மண்ணிலும் மக்கள் உடம்பிலும் படிந்து கிடக்கின்றது.

அக்கடிகாரம் எத்தகையது என்பதை முதற்கண் அறிதல் வேண்டும். விண்வெளியிலிருந்து வரும் அண்டக் கதிர்கள் வானத்தின் உயர்ந்த அடுக்கில் காற்றணுக்களோடு மோதுகின்றன. அம்மோதலில் சிதறும் நியூட்ரான்கள் நைட்ரஜன் அணுக்களைத் தாக்கி, அவற்றைக் கரியின் ஒரு வகையாக மாற்றுகின்றன. கார்பன் 14 என்று விஞ்ஞானிகள் வழங்கும் இவ்வகையைக் கதிர்க்கரி என்று கூறலாம். ஏனெனில் அது நிலையாக இராமல் கதிர் வீசித் தேய்ந்து மீண்டும் நைட்ரஜனாகிவிடும் இயல்பினது. பிறந்த கதிர்க்கரி உயிர்க்காற்றோடு கூடிக் கரியமில வாயுவாகிறது. அதனைச் செடிகொடிகள் உட்கொள்கின்றன; செடிகொடிகளை ஆடும் மாடும் உண்கின்றன; அனைத்தையும் மனிதன் உண்கின்றான். ஆதலின் உயிருள்ள ஒவ்வொன்றின் உடம்பிலும், ஏறக்குறைய ஒரு இலட்சம் கோடிக் கரியணுக்களுக்கு ஒன்று என்ற கணக்கில் கதிர்க்கரி கலந்திருக்கிறது.

பண்டைத் தமிழர் நாழிகை வட்டிலைக் கொண்டு பொழுதை அளந்தனர். சிறு துளையின் வழியே நீர் ஒழுக ஒழுக, அதன் அளவைக் கொண்டு நாழிகை கணிக்கப்பட்டது. உயிருள்ள உடம்பு ஒழுகும் வட்டில் போன்றது. ஆனால் ஒழுகுந்தோறும் உணவும் மூச்சும் அதனை நிரப்பிக்கொண்டே இருக்கின்றன. உயிர் நீங்கிய அன்றே ஊற்றும் கை நின்றுவிடுகிறது. ஒழுகல் மட்டும் நிற்பதில்லை. 5,730 ஆண்டுகளில் பாதி ஒழுகிவிடும். எஞ்சிய பாதியிற் பாதி, பின்னும் அத்தனை ஆண்டுகளில் ஒழுகிவிடும். வட்டிலில் எஞ்சியிருப்பது எவ்வளவு என்று அளந்தால், ஊற்றிய கை நின்றது எப்போது என்பது விளங்கும். ஏறக்குறைய ஐம்பதாயிரம் ஆண்டு வரையில் இக்கணக்கு செல்லும். அதற்கு மேல் வட்டிலில் அளப்பதற்கு ஒன்றும் எஞ்சுவதில்லை.

கதிர்க்கரியை 1940-இல் அமெரிக்காவின் பெர்க்லி நகரத்தில் மார்ட்டின் காமன், சாம் ரூபன் என்னும் இருவர் கண்டறிந்தனர். அதனைக் கடிகாரமாக்கலாம் என்று கண்டவர் சிகாகோ பல்கலைக்கழகத்து வில்லார்டு லிப்பி. எகிப்திய மன்னன் சோசரின் கல்லறையிலிருந்து எடுத்த மரம் முதலிய, வயது முன்பே தெரிந்த பொருள்களை அவர் சோதித்துத் தம் முறையை நிலைநாட்டினார். 1949-இல் அம்முடிவுகள் வெளிவந்தன. 1960-இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது.

லிப்பியின் கணக்கு ஓர் அடிப்படையின்மீது நின்றது. எல்லாக் காலத்திலும் வட்டில் ஒரே மட்டத்திற்கு நிரம்பியிருந்தது என்று அவர் கொண்டார். அது முற்றும் சரியன்று என்பதை 1958-இல் ஆலந்து நாட்டு ஹெஸ்ஸல் டி விரீஸ் காட்டினார். வானத்துக் கதிர்க்கரி சில நூற்றாண்டுகளில் சிறிது கூடியும் சில நூற்றாண்டுகளில் சிறிது குறைந்தும் இருந்தது. இதனைத் திருத்த வழி காட்டியவை மரங்கள். ஆண்டுக்கொரு வளையமாக வளரும் மரம், ஒவ்வோர் ஆண்டும் தான் உட்கொண்ட காற்றின் கணக்கை அவ்வளையத்தில் எழுதிப் பூட்டிவைக்கிறது. கலிபோர்னியாவின் வெள்ளை மலைகளில் நாலாயிரம் ஆண்டுகளுக்கு மேல் உயிர்வாழும் ஊசியிலை மரங்கள் உள்ளன. அவற்றையும் அவற்றுக்கு முன்பே பட்டுப்போன மரங்களையும் வளையம் வளையமாக ஒப்பிட்டுத் திருத்தக் கோடு ஒன்று வரையப்பட்டது. இன்று கதிர்க்கரியால் காலம் கணிப்போர் எவரும் அக்கோட்டைக் கேளாமல் விடை கூறுவதில்லை.

கேட்டும் ஒற்றை விடை எப்போதும் கிடைப்பதில்லை என்பதையும் சொல்லுதல் வேண்டும். கீழடி அகழாய்வில் 353 சென்டிமீட்டர் ஆழத்தில் கிடைத்த கரித்துண்டு அமெரிக்காவிலுள்ள ஆய்வுக்கூடம் ஒன்றில் சோதிக்கப்பட்டு, அதன் காலம் கி.மு. 580 என்று 2019-இல் அறிவிக்கப்பட்டது. வைகைக் கரையின் தொன்மையைத் தமிழ் மக்கள் கொண்டாடியது இயல்பே. ஆனால் கி.மு. 800-க்கும் கி.மு. 400-க்கும் இடைப்பட்ட காலத்தில் அத்திருத்தக் கோடு ஏறக்குறையத் தட்டையாகக் கிடக்கிறது என்பதை மேடைகளிற் கூறுவோர் அரியர். அந்நானூறு ஆண்டுகளைச் சேர்ந்த பொருள்கள் எல்லாம் கடிகாரத்தில் ஏறத்தாழ ஒரே பொழுதைக் காட்டும். ஆதலின் அக்காலத்துக்குரிய ஆண்டு ஒன்றைச் சொல்லும்போது, அதன் முன்னும் பின்னும் உள்ள இடைவெளியையும் உடன் சொல்லுதலே முறை. இடைவெளியை மறைத்து எண்ணை மட்டும் முழக்குவதும் கடிகார முள்ளில் கைவைப்பதுதான். தொன்மை உடைய ஊருக்கு அது தேவையும் இல்லை.

இயற்கையே கடிகாரத்தை உலுக்கிய செய்தியும் உண்டு. ஜப்பானிய விஞ்ஞானி பூசா மியாக்கே, பழைய தேவதாரு வகை மரம் ஒன்றின் வளையங்களைச் சோதித்து, கி.பி. 774-775-இல் கதிர்க்கரி திடீரென நூற்றுக்கு ஒரு பங்குக்கு மேல் உயர்ந்திருப்பதை 2012-இல் வெளியிட்டார். கதிரவனிலிருந்து வெடித்துக் கிளம்பிய பெரும் புயலே அதற்குக் காரணம் என்பது விஞ்ஞானிகள் பலரின் கருத்து. கி.பி. 993-லும் அதைப் போன்றதொரு நிகழ்ச்சி உண்டாயிற்று. அவ்வெச்சம் உலகத்து மரங்கள் அனைத்திலும் ஒரே ஆண்டின் வளையத்தில் பதிந்தது.

அதனால் விளைந்த பயனை எண்ணிப் பார்த்தல் தகும். கானடாவின் கிழக்கு ஓரத்தில், நியூபவுண்டுலாந்துத் தீவில், வட ஐரோப்பியக் கடலோடிகள் குடியிருந்த பழைய இடம் ஒன்று உளது. கொலம்பசுக்கு முன்னரே அவர்கள் அமெரிக்காவை அடைந்தனர் என்பதற்கு அது சான்று. ஆனால் எந்த ஆண்டில் என்பது தெரியாதிருந்தது. அங்கே இரும்புக் கருவியால் வெட்டப்பட்ட மரத்துண்டுகள் மூன்று கிடைத்தன. மூன்றிலும் 993-ஆம் ஆண்டின் எச்சம் பதிந்த வளையத்தைக் கண்டுபிடித்து, அங்கிருந்து பட்டை வரையில் வளையங்களை எண்ணினர். மூன்று மரங்களும் கி.பி. 1021-இல் வெட்டப்பட்டவை என்ற முடிவு 2021-இல் வெளிவந்தது. ஆயிரம் ஆண்டுக்கு முன் ஒருவன் கோடரியை ஓங்கிய ஆண்டு, ஓராண்டும் பிசகாமல் தெரிந்துவிட்டது. கற்பனைக் காலவெச்சவியலார் இதைவிட என்ன செய்துவிட முடியும்?

மனிதனின் கை பட்ட கதைக்கு இனி வரலாம். 1945-இல் தொடங்கிய அணுகுண்டுச் சோதனைகள் 1950-களில் பெருகின. 1961 அக்டோபர் 30-ஆம் நாள் சோவியத் நாடு நோவயா செம்லியா தீவின் மேல் வெடித்த குண்டின் ஆற்றல் ஏறக்குறைய ஐந்து கோடி டன் வெடிமருந்துக்கு நிகரானது. வெடிக்கும் ஒவ்வொரு குண்டும் நியூட்ரான்களை அள்ளி வீசியது. அவை அண்டக் கதிர்கள் செய்யும் வேலையையே செய்து, காற்றிலுள்ள நைட்ரஜனைக் கதிர்க்கரியாக மாற்றின. நியூசிலாந்து நாட்டு அதோல் ராஃப்டரும் கோர்டன் ஃபெர்குசனும் 1957-இல் இதனை உலகுக்கு அறிவித்தனர். குண்டுகள் மிகுதியும் வெடித்தவை வடபாதி உலகில். அவர்கள் இருந்ததோ தெற்கே, பெருங்கடலின் நடுவே. அங்கும் காற்றும் செடியும் கடலின் மேல்நீரும் மாறியிருந்தன.

1963-ஐ ஒட்டி வடபாதி உலகின் காற்றில் கதிர்க்கரி இயல்பான அளவைப்போல் ஏறக்குறைய இரு மடங்காயிற்று. இயற்கையின் கடிகாரம் இதனை எவ்வாறு படிக்கும் என்று எண்ணிப் பார்த்தால் வியப்பே உண்டாகும். வட்டிலில் பாதி இருந்தால் பொருள் 5,730 ஆண்டு பழையது. வட்டில் இருமடங்கு நிரம்பி வழிந்தால்? அவ்வாண்டில் துளிர்த்த இலை, இன்னும் ஐயாயிரம் ஆண்டு கழித்துத் துளிர்க்க வேண்டியதொன்று என்று கடிகாரம் கூறும். வெல்சின் கதைத்தலைவன் மேசைமீது வைத்த மலர்கள் மாஸ்கோவிலும் நியூயார்க்கிலும் ஒவ்வொரு வீட்டு முற்றத்திலும் பூத்தன. பார்த்தவர் எவருக்கும் அது தெரியவில்லை.

அவ்வெச்சம் பின்னர்ப் பல உண்மைகளை வெளிப்படுத்தியது. எனாமல் என வழங்கும் பல்லின் மேற்பூச்சு இளமையில் ஒருமுறை உருவானபின் மாறுவதில்லை. அதிலுள்ள கதிர்க்கரியை அளந்து, அடையாளம் தெரியாது இறந்தவரின் பிறப்பாண்டை இரண்டு ஆண்டுக்கும் குறைந்த பிழையுடன் கூறலாம் என்று சுவீடன் நாட்டு கிர்ஸ்டி ஸ்பால்டிங், யோனாஸ் ஃபிரிசேன் முதலியோர் 2005-இல் காட்டினர். இதயத் தசையின் உயிரணுக்கள் வாழ்நாளில் மெல்ல மெல்லப் புதுப்பிக்கப்படுகின்றன என்பதும் இவ்வழியே 2009-இல் தெரிந்தது. குதிகால் நாணின் உட்பகுதி பதினேழு வயதளவில் உருவாகி முடிந்தபின் பெரும்பாலும் மாறாமலே இருந்துவிடுகிறது என்பதை டென்மார்க்கு ஆய்வாளர் 2013-இல் கண்டனர். ஓடுகின்ற கிழவரின் காலுக்குள் அவருடைய பள்ளிப் பருவத்துக் காற்று இன்னும் அடைபட்டிருக்கிறது!

பொய்யும் பிடிபட்டது. வெனிசு நகரத்துப் பெக்கி குக்கன்ஹைம் ஓவியச் சேகரத்தில் பிரெஞ்சு ஓவியர் ஃபெர்னான் லெஜே தீட்டியதாகக் கருதப்பட்ட படம் ஒன்று இருந்தது. அவர் 1913-ஐ ஒட்டி வரைந்த வரிசையைச் சேர்ந்ததாக அது மதிக்கப்பட்டது, ஐயுற்றோரும் இருந்தனர். 2014-இல் இத்தாலிய விஞ்ஞானிகள் அதன் துணியிலிருந்து நூலிழை ஒன்றை எடுத்துச் சோதித்தனர். அப்பருத்தி 1959-க்குப் பின் விளைந்தது என்று தெரிந்தது. லெஜே இறந்ததோ 1955-இல்.

யானைத் தந்த வாணிகமும் இவ்வாறே அம்பலமாயிற்று. தந்த வாணிகத்திற்கு உலகளாவிய தடை 1989-இல் முடிவு செய்யப்பட்டது. தடைக்கு முன் சேர்த்த பழைய தந்தம் என்று கூறித் தப்ப முயல்வது வணிகர் சிலரின் வழக்கம். அமெரிக்காவின் யூட்டா பல்கலைக்கழகத்துச் செர்லிங் முதலியோர், பல நாடுகளில் பறிமுதலான தந்தங்களைச் சோதித்து 2016-இல் முடிவை வெளியிட்டனர். ஏறக்குறைய அனைத்தும் பிடிபடுவதற்கு முன் மூன்று ஆண்டுக்குள் உயிரிழந்த யானைகளின் தந்தங்கள்.

இத்தனை நன்மை விளைந்ததைக் கண்டு, அணுகுண்டும் ஒருவாறு விஞ்ஞானத்துக்குக் கொடை தந்தது என்று பேசுவோர் உளர். அவ்வுரையை ஏற்றல் இயலாது. வீடு தீப்பற்றியபோது கிடைத்த வெளிச்சத்தில் தொலைந்த மோதிரம் கண்ணிற் பட்டால், தீ வைத்தவனுக்கு யாரும் நன்றி கூறுவதில்லை. மேலும், குண்டு விட்ட எச்சம் கதிர்க்கரி ஒன்று மட்டும் அன்று. ஸ்டிரான்சியம் 90 என்னும் நஞ்சும் மழையோடு இறங்கிப் புல்லிற் படிந்து, பசுவின் பாலின் வழியே குழந்தைகளின் எலும்பிலும் பல்லிலும் குடியேறியது.

இதனை ஐயமின்றி நிறுவ அமெரிக்காவின் செயின்ட் லூயி நகரத்தில் 1958-இல் வியத்தகு முயற்சி ஒன்று தொடங்கப்பெற்றது. விஞ்ஞானிகளும் பொதுமக்களும் கூடி, குழந்தைகளின் விழுந்த பாற்பற்களைத் திரட்டினர். பல்லை அனுப்பிய குழந்தைகளுக்குச் சட்டையில் குத்திக்கொள்ளும் சிறு வில்லை ஒன்று பரிசாகக் கிடைத்தது. பன்னிரண்டு ஆண்டுகளில் மூன்று இலட்சம் பற்கள் வந்து சேர்ந்தன. சோதனைகள் மிகமிக, அவ்வவ்வாண்டுகளில் பிறந்த குழந்தைகளின் பல்லில் அந்நஞ்சும் மிகுந்ததை அப்பற்கள் காட்டின. முதல் முடிவுகள் 1961-இல் வெளிவந்தன. வல்லரசுகளின் தலைவர்கள் பேசிய பேச்சுகளில் எதற்கும் இல்லாத வலிமை அந்தச் சிறு பற்களுக்கு இருந்தது எனலாம். 1963 ஆகஸ்டு 5-ஆம் நாள் மாஸ்கோவில் அமெரிக்காவும் பிரிட்டனும் சோவியத் நாடும், காற்றிலும் நீரிலும் விண்ணிலும் அணுகுண்டுச் சோதனை செய்வதில்லை என்று ஒப்பந்தம் செய்துகொண்டன. அவ்வாண்டு அக்டோபரில் அது நடைமுறைக்கு வந்தது. பிரான்சு 1974 வரையிலும் சீனா 1980 வரையிலும் வானில் சோதனைகள் நடத்தினவாயினும், பெருவெள்ளம் 1963-லேயே தடுக்கப்பட்டது. காற்றிலிருந்த மிகைக் கதிர்க்கரி கடலினுள்ளும் காட்டினுள்ளும் புகுந்து ஆண்டுதோறும் குறையலாயிற்று. கடிகாரத்தின்மீது வைத்த கையை மனிதன் தானே எடுத்துக்கொள்ள முடியும் என்பதற்கு இது போதிய சான்று அன்றோ?

இரண்டாவது கை இன்னும் எடுக்கப்படவில்லை. நிலக்கரியும் கல்லெண்ணெயும் பல கோடி ஆண்டுகளுக்கு முன் புதைந்த உயிர்களின் எச்சங்கள். அவற்றின் வட்டில் காய்ந்து நெடுங்காலம் ஆயிற்று. கதிர்க்கரி ஓர் அணுவளவும் அவற்றில் இல்லை. அவற்றை எரிப்பதால் எழும் கரியமில வாயு, காற்றிலுள்ள கதிர்க்கரியை நீர் கலந்த பால்போல் நீர்க்கச் செய்கிறது. இதனை முதன்முதல் தெளிவாகக் காட்டியவர் ஹான்ஸ் சூஸ். இருபதாம் நூற்றாண்டின் மர வளையங்களில் கதிர்க்கரி குறைந்திருப்பதை அவர் 1955-இல் வெளியிட்டார். அவர் பெயராலேயே அவ்விளைவு இன்றும் வழங்குகிறது. கதிர்க்கரிக் கணக்கில் 'இன்றைக்கு இத்தனை ஆண்டு முன்' என்று எழுதினால், அந்த 'இன்று' என்பது 1950-ஆம் ஆண்டைக் குறிக்கும் என்பது விஞ்ஞானிகளின் மரபு. அதன்பின் வந்த காற்று அடிப்படையாகக் கொள்ளத் தகாதவாறு கலங்கிவிட்டது.

சில பத்தாண்டுகள் இரண்டு கைகளும் கடிகாரத்தை எதிரெதிரே இழுத்தன. குண்டின் எச்சம் தேயத் தேய, புகையின் எச்சம் ஓங்கியது. 2021-ஐ ஒட்டி வடபாதி உலகின் காற்று, ஆலைகள் தோன்றுவதற்கு முன்னிருந்த பழைய அளவுக்கே இறங்கி வந்தது. இரண்டு பிழைகள் ஒன்றையொன்று ஈடுசெய்த அப்பொழுதில் கடிகாரம் சரியாக இருப்பதுபோல் தோன்றியது; இறக்கமோ அங்கே நிற்கவில்லை. லண்டன் இம்பீரியல் கல்லூரியின் ஹெதர் கிரேவன் 2015-இல் ஒரு கணக்கை வெளியிட்டார். எரிபொருட் புகை தடையின்றிப் பெருகுமாயின், 2050-இல் நெய்த புத்தாடையும் ஆயிரம் ஆண்டுக்கு முன் நெய்த பழைய ஆடையும் கதிர்க்கரிக் கணக்கில் ஒரே வயதைக் காட்டும் என்பது அக்கணக்கின் முடிவு.

கீழடிக் கரித்துண்டின் வயது இதனால் மாறிவிடாது. அதன் வட்டில் பண்டே மூடப்பட்டுவிட்டது. இன்றைய காற்று அதனுட் புகுவதில்லை. மாறுவது வேறு: புதியது பழையதாக வேடமிடும். இன்று ஒருவன் புதிய பனையோலையில் எழுதிப் புகையூட்டிப் பழைய சுவடி என்று கூறி விற்க வந்தால், ஓலையின் கதிர்க்கரி அவனைக் காட்டிக்கொடுக்கக்கூடும். 2050-இல் அவ்வாறே ஒருவன் வந்தால், புகை தடைப்படாதிருப்பின், கடிகாரம் அவன் பக்கம் நின்று சான்று சொல்லும். தந்தம் விற்பவனுக்கும் ஓவியப் போலி செய்பவனுக்கும் அந்நாள் நன்னாளே. வேறு சோதனைகள் இல்லாமற் போகா. ஆனால் ஊருக்கெல்லாம் பொதுவாக இருந்த சாட்சி ஒருவர் தடுமாறிப் போவார்.

கடல் மட்டம் உயர்வதும் வெப்பம் மிகுவதும் ஆகிய பெருந்துன்பங்களுக்கு முன், அகழ்வாராய்ச்சியாளரின் கடிகாரம் கெடுவது ஒரு பொருட்டா என்று கேட்போர் உளர். கேள்வி நேரியதே. வயலும் குடிசையும் நீரில் மூழ்குபவனிடம் சென்று சுவடியின் வயதைப் பற்றிப் பேசுதல் அறமாகாது. ஆனால் அவ்விரண்டும் வேறுவேறு வழக்குகள் அல்ல. காற்றிற் பெருகிய கரியமில வாயு எங்கிருந்து வந்தது என்பதற்குச் சான்று கூறுவதும் இதே எச்சம்தான். காடுகளே எரிந்து அப்பெருக்கத்தைத் தந்திருந்தால், காற்றிற் கதிர்க்கரியின் விகிதம் இவ்வளவு குறைந்திராது. ஏனெனில் மரத்தில் கதிர்க்கரி உண்டு. எரிமலைப் புகையில் அது இல்லையாயினும், எரிமலைகள் தருவது மனிதன் எழுப்பும் புகையில் நூற்றில் ஒரு பங்கும் இல்லை. வாய்ச்சொல்லால் எத்தனை மறுத்தாலும், நிலக்கரிக்கும் எண்ணெய்க்கும் உரிய வெறுமையான கரி ஒவ்வோர் ஆண்டின் வளையத்திலும் கையொப்பம் இட்டுச் செல்கிறது. கடிகாரத்தை இழுக்கின்ற கையின் ரேகை கடிகாரத்தின் முகத்திலேயே பதிகிறது. செயின்ட் லூயிக் குழந்தைகளின் பல்லைக் கண்டு 1963-இல் நெஞ்சு இளகிய அரசுகள், இந்தச் சான்றைக் கண்டபின்னும் தயங்குவதற்குத் தக்க காரணம் எதுவும் இல்லை. நாளை தோண்டிப் பார்ப்பவர்களுக்கு ஓடுகின்ற கடிகாரம் ஒன்றை விட்டுச்செல்வது, புகையைக் குறைப்பதற்குரிய காரணங்களில் சிறியதாயினும், அதுவும் ஒரு காரணமே.

நியூசிலாந்தின் வெலிங்டன் நகரத்தை ஒட்டி ராஃப்டரும் அவர் தோழர்களும் 1954-இல் காற்றை அளக்கத் தொடங்கினர். இவ்வகை அளவீடுகளில் உலகிலேயே நெடுங்காலம் தொடர்ந்து வருவது அதுதான். அளவுகளைக் குறித்து வரைந்த கோடு 1965 வரையில் மலைபோல் ஏறுகிறது. பின்னர் முதலில் விரைந்தும் பிறகு மெல்லவும் இறங்குகிறது. தெற்கே பெருங்கடலிலிருந்து காற்று வீசும் நாள்களில், அங்குள்ளோர் காற்றைப் பிடித்து அளந்து, அக்கோட்டின் முனையில் மற்றொரு புள்ளியை வைக்கின்றனர்.